முப்பது பாகையும் எயினன் கையும்

நீர் நிலைக்க. நெல் விளைக. கோல் கோணாது நிற்க.

குவளைநாட்டையும் அதன் ஏழு பேரேரிகளையும் காத்தருளும் கோமகனார் திண்வேள் பெருமானின் திருவாணைக்குக் கீழ்ப்பட்டு, ஏரிகளுக்கும் கரைகளுக்கும் மதகுகளுக்கும் உரிய அமைச்சாய் இருபத்தாறு ஆண்டுகள் ஊழியம் செய்துவரும் இடைக்கழியுடையான் பொற்காரி, ஆலங்கண் பேரேரியின் உடைந்த கரைமேல் கூடாரம் அடித்து, அங்கிருந்தே விடுக்கும் ஓலை.

கற்சிறைக் கோட்டையின் காவலரும், வடகரைப் படைக்குத் தலைவரும், மூன்று போர்களில் முதுகு காட்டாதவருமாகிய தண்டநாயகர் உத்தமவேளார்க்கு எய்துக. உமது மதில் உறுதி குன்றாதிருக்க. உமது குதிரைகள் நோயின்றித் தழைக்க. உமது குடியும் கிளையும் குறைவின்றி வாழ்க.

வாழ்த்து முடிந்தது. இனி அடுத்த வரியை வாசித்தவுடன் ஓலையைக் கீழே வைத்துவிட்டு எழுந்திரும். முழுநிலா நாளன்று வலக்கை நீக்கப்படுவதற்காக உமது சிறையில் இருக்கும் கல்தச்சன் எயினன்மேல் வாள் படலாகாது. நீர்வழக்கில் அரசர்க்கு அடுத்த சொல் எமது சொல் என்பதால் இஃது அரச ஆணை. சிறைக்காவலனிடம் நேரில் சென்று தண்டனை நின்றது என்று சொல்லிவிட்டு வந்து, அமர்ந்து, மீதியை வாசியும். உம்மை முப்பது ஆண்டுகளாக அறிவோம். காரணம் என்னவென்று பார்த்துவிட்டு எழலாம் என்று இப்போதும் உட்கார்ந்திருப்பீர். காரணம் நீண்டது. எழுந்திரும்.

சென்று வந்தீராயின், கேளும்.

ஆலங்கண் ஏரிக்குப் புதுக்கரை எழுப்புக என்று சென்ற ஆண்டு தை மாதத்தில் எமது ஓலை போயிற்று. கரையின் நீளம் முந்நூறு கோல். நடுவே மதகுக்கான கல்மண்டபம். மண்டபத்துக்குத் தெற்கே உள்ள பாதியை மண்வேலைக் கூட்டத்துத் தலைவன் நள்ளியிடமும், வடக்கே உள்ள பாதியைக் கல்தச்சன் எயினனிடமும் ஒப்படைத்தோம். மண் வெட்டுவோர் போதாமையால் தச்சர் கூட்டத்தையும் மண்வேலையில் இறக்கினோம். அது தவறன்று, எல்லா நாட்டிலும் நடப்பது. இருவர்க்கும் போன ஓலை ஒன்றே. அதன் இரண்டு படிகளும் எழுத்துக்கு எழுத்து ஒத்தவை.

மாசியில் தொடங்கிய வேலையை எயினன் ஆனியிலேயே முடித்தான். நள்ளியோ புரட்டாசி வரை மண் சுமந்துகொண்டிருந்தான். எயினனின் விரைவை மெச்சி அவனுக்குப் பட்டாடை அனுப்பியதும், நள்ளியின் சோம்பலைக் கடிந்து அவனுக்கு ஓலை அனுப்பியதும் யாமே. ஒரே நீளம், ஒரே உயரம். ஒருவனுக்கு மட்டும் ஏன் பாதி மண் போதுமாயிற்று என்று கேட்க எமக்குத் தோன்றவில்லை. நல்ல செய்தி வந்தால் அதை ஆராய்வார் யார்?

ஐப்பசி முதல் மழையில், பகல் உச்சியில், வடபாதியின் உட்சரிவு நாற்பது கோல் நீளத்துக்கு வழுக்கி ஏரிக்குள் இறங்கியது; கரை மெலிந்து உடைந்தது. கீழ்க்குடி, மணற்பாடி, ஓதியூர் என்னும் மூன்று ஊர்களின் வயல்களும் மணல் மூடிப் போயின. ஆளுயிர் ஒன்றும் போகவில்லை. அதற்கு நாம் பெருமை கொள்ள ஒன்றுமில்லை. பகலில் உடைந்தது, அவ்வளவே. தெற்குப்பாதி இன்றும் நிற்கிறது. அதன்மேல்தான் எம் கூடாரம் இருக்கிறது.

அதன்பின் நீர் செய்தவற்றை உமது ஓலையாலேயே அறிந்தோம். அளவையாளன் ஒருவனை அனுப்பி, உடையாது எஞ்சிய வடபாதியின் சரிவை அளப்பித்தீர். அவன் நூற்றிருபது பாகை என்றான். அரச ஓலை முப்பது பாகை என்றது, இவன் கட்டியதோ நூற்றிருபது, நான்கு மடங்கு மாறு, இஃது அறியாமையன்று துரோகமே என்று எழுதினீர். அரச ஓலைக்கு மாறாய் வேலை செய்த கை மணிக்கட்டில் நீங்குக என்னும் பழைய சட்டத்தைக் காட்டி, நாளும் குறித்தீர். உமது கணக்கில் கூட்டல் பிழை இல்லை. வேறு பிழை இருக்கிறது; அதற்குப் பின்னர் வருகிறோம்.

எயினனின் மனைவி சாத்தி என்பாள், உமது கோட்டையிலிருந்து தலைநகருக்கு ஆறு நாள் நடந்து, கணவனின் தூக்குநூலும் மரத்தாலான மூலைமட்டமும் ஏந்தி எமது அமைச்சு வாசலில் வந்து நின்றாள். அவள் சொன்னவற்றைச் செந்தமிழாக்கி எழுதப்போன எம் எழுத்தரைத் தடுத்து, அவள் வாயில் வந்தபடியே எழுதச் சொன்னோம். அது வருமாறு:

“ஐயா, நான் அழ வரல. அழுது முடிச்சுட்டுத்தான் கெளம்பினேன். ஒரே ஒரு கேள்வி. முப்பதுன்னு எழுதினீங்க. எதுலேருந்து முப்பது? நூல்லேருந்தா, தண்ணிலேருந்தா? சுவரு கட்டுறவனுக்கு நூலுதான் சாமி. மண்ணு வெட்டுறவனுக்குத் தண்ணிதான் சாமி. எங்க வீட்டுக்காரரு சின்னப் புள்ளையிலேருந்து நூலைத் தொங்கவிட்டுத்தான் சாய்வு அளக்குறாரு. அவங்கப்பாவும் அப்படித்தான். முப்பதுன்னு ஓலை வந்துச்சு, நூல்லேருந்து முப்பது வெச்சுக் கட்டினாரு. நீங்க மனசுக்குள்ள வேற ஒண்ணு நெனச்சிருந்தா அது அவருக்கு எப்படிய்யா தெரியும்? ஓலைதானே வந்துச்சு, உங்க மனசு வரலையே.”

எமக்குச் சினம் எழுந்தது, மறைப்பானேன்? அமைச்சைக் கேள்வி கேட்க வாசல்வரை வந்துவிட்டாளே என்று ஒரு நாழிகை பொருமினோம். பிறகு அலுவல் அறையிலிருந்து அந்த ஓலையின் மூலப்படியை எடுத்துவரச் செய்து பார்த்தோம். நான்கே வரி. கரையின் உயரம் இருந்தது, மேல்தளத்தின் அகலம் இருந்தது, உட்சரிவு முப்பது பாகை என்றும் இருந்தது. எதிலிருந்து என்று இல்லை. மூன்று முறை வாசித்தோம். மூன்று முறையும் இல்லை.

இருப்பினும், ஓர் ஐயத்துக்காகத் தண்டனையை நிறுத்த எமக்கு அதிகாரம் இல்லை. அளந்து உறுதி செய்தால் மட்டுமே உண்டு. ஆகவே பாகை கீறிய அரைவட்டப் பலகையை எடுத்துக்கொண்டு, அவளையும் வண்டியில் ஏற்றிக்கொண்டு இங்கே வந்தோம். வழியில் மாடு மெதுவாகப் போனபோதெல்லாம் அவள் வண்டிக்காரனைப் பார்த்தாள். அவன் தானாகவே தார்க்குச்சியை எடுத்தான்.

இங்கே கண்டது இது. எயினன் கட்டிய வடபாதியில், தூக்குநூலைத் தொங்கவிட்டு நூலுக்கும் சரிவுக்கும் இடைப்பட்ட கோணத்தை அளந்தால் முப்பது. நீர்மட்டத்தை வைத்து, மட்டத்துக்கும் சரிவுக்கும் இடையே அளந்தால் அறுபது. நள்ளி கட்டிய தென்பாதியில் மட்டத்திலிருந்து முப்பது, நூலிலிருந்து அறுபது. எங்கு அளந்தாலும் இரண்டும் சேர்ந்து தொண்ணூறு. ஏனெனில் தொங்கும் நூலும் கிடக்கும் நீரும் தம்முள் செங்கோணம் ஆவன. அந்தச் செங்கோணத்தைச் சரிவு இரண்டாகப் பங்கிடுகிறது. ஒரு பங்கு தெரிந்தால் தொண்ணூற்றில் கழித்து மறுபங்கை அறியலாம். இவ்வாறு ஒன்றையொன்று செங்கோணமாக நிரப்பும் இரண்டையும் நிரப்புக்கோணங்கள் என்பர் கணக்காளர். உமக்கு இதைச் சிறுவயதில் கற்பித்திருப்பார்கள். நீர் அப்போது குதிரையேற்றத்தில் இருந்திருப்பீர்.

ஆக, முப்பது என்று சொன்ன ஒரே ஓலையைக் கொண்டு, ஒருவன் நூலுக்கு உண்மையாகவும் மற்றொருவன் நீருக்கு உண்மையாகவும் கட்டினார்கள். யாம் கருதியது நீரிலிருந்து முப்பது. ஆலங்கண் மண் மணல் கலந்தது, சாய்வு தாழ்ந்து படுத்தால்தான் நிற்கும். நூலிலிருந்து முப்பது வைத்தால் கரை ஏறக்குறையச் சுவராகிவிடும். மணல் சுவராக நிற்குமா?

இருப்பினும் ஒருத்தி சொல்லை மட்டும் நம்பி முடிவு செய்ய மனம் ஒப்பவில்லை. அக்கம்பக்கத்து ஊர்களிலிருந்து தச்சர் மூவரையும் மண்வேலைக்காரர் மூவரையும் அழைத்து, ஒருவரை ஒருவர் காணாதபடி தனித்தனியே நிறுத்தி, ஒரு பலகையை நாற்பது பாகை சாய்த்து வை என்றோம். தச்சர் மூவரும் நூலை எடுத்தார்கள். மண்வேலைக்காரர் மூவரும் தட்டில் நீர் கொண்டுவரச் சொன்னார்கள். முதல் மூவரின் பலகைகள் ஒன்றுபோல் நின்றன. அடுத்த மூவரின் பலகைகளும் ஒன்றுபோல் நின்றன. அந்த மூன்றுக்கும் இந்த மூன்றுக்கும் இடையே பத்துப் பாகை வேறுபாடு. எதிலிருந்து நாற்பது என்று அறுவரில் ஒருவரும் கேட்கவில்லை என்பதைக் குறித்துக்கொள்ளும். தன் கைவழக்கம் உலக வழக்கம் என்றே ஒவ்வொருவனும் எண்ணியிருக்கிறான்.

அப்படியானால் இத்தனை தலைமுறையாக இந்தக் குழப்பம் ஏன் வெளிப்படவில்லை என்று வினவுவீர். யாமும் வினவினோம். அதற்கு விடை சொன்னவன் நள்ளி. எம்மைக் கண்டு அஞ்சாதவன்; யாம் அனுப்பிய அந்தக் கடிந்துரையை இன்னும் மறக்காதவன். அவன் சொல்லையும் உள்ளபடியே தருகிறோம்:

“எசமான், நம்ம சீமையில கரைன்னா அரைமூலைதான். எங்க பாட்டன் காலத்துலேருந்து அதுதான். மூலையில பாதி, நாப்பத்தஞ்சு. நூல்லேருந்து வெச்சாலும் அதுதான், தண்ணிலேருந்து வெச்சாலும் அதுதான். சண்டையே வராது. நீங்கதான் புதுசா முப்பதுன்னு எழுதுனீங்க.”

தண்டநாயகரே, இருபத்தாறு ஆண்டு அமைச்சில் இருந்தும் எமக்கு இது தோன்றவில்லை. தொண்ணூறை இரண்டாக வகுக்கையில் பங்குகள் சமமாக இருப்பது நாற்பத்தைந்தில் மட்டுமே. அங்கே தச்சனும் மண்வெட்டுபவனும் எப்பக்கத்திலிருந்து அளந்தாலும் ஒரே இடத்தில் வந்து நிற்பார்கள். அதைவிட்டு ஒரு பாகை நகர்ந்தாலும் இருவரும் இரண்டு பாகை பிரிவார்கள். பதினைந்து பாகை நகர்த்தினோம். முப்பது பாகை பிரிந்தார்கள். முன்னோர் அறிந்து வைத்தார்களோ அறியாமல் வைத்தார்களோ, அவர்கள் வைத்த எண் குற்றமற்றது. தென்னாட்டு ஏரிகளைப் பார்த்துவந்து, தாழ்ந்த சரிவே சிறந்தது என்று அவையில் பேசிக் கைதட்டல் வாங்கியது யாம். சரிவைப் பற்றி யாம் சொன்னது சரியே. எழுதியதுதான் அரைகுறை.

இனி உமது நூற்றிருபதுக்கு வருவோம்.

உமது அளவையாளன் எங்கே நின்று அளந்தான் என்று அவனோடு வந்த ஊரார் காட்டினர். ஏரிப்படுகையில், தண்ணீர் வற்றிய இடத்தில், கரையை நோக்கி நின்றிருக்கிறான். படுகைத்தரைக்கும் கரைச்சரிவுக்கும் இடையே, தான் நின்ற வெளிப்பக்கத்துக் கோணத்தை அளந்திருக்கிறான். அது நூற்றிருபதுதான், அவன் பொய் சொல்லவில்லை. ஆனால் அந்தத் தரையை நேர்கோடாகக் கரைக்கு அடியிலும் நீட்டிப் பாரும். நேர்கோட்டின்மேல் ஒரு சரிவு ஏறும்போது அதன் இருபுறத்துக் கோணங்களும் சேர்ந்து நூற்றெண்பது ஆகும். அவற்றை மிகைநிரப்புக் கோணங்கள் என்பர். நூற்றெண்பதில் உமது நூற்றிருபதைக் கழித்தால், மண்ணுக்குள் இருக்கும் கோணம் அறுபது. அது மட்டத்திலிருந்து அறுபது. தொண்ணூற்றில் அந்த அறுபதைக் கழித்தால் முப்பது. அது நூலிலிருந்து முப்பது. எயினனுக்கு யாம் எழுதிய எண்.

கண்டீரா? அவன் துரோகி என்பதற்கு நீர் வைத்த சான்றே, அவன் எமது ஓலையை ஒரு பாகைகூட வழுவாமல் நிறைவேற்றினான் என்பதற்குச் சான்று. மேலும் ஒன்று. உமது ஆள் அதே படுகையில் நூறு கோல் தெற்கே நடந்து, நிற்கின்ற பாதியையும் அளந்திருந்தால் நூற்றைம்பது என்று வந்திருக்கும். முப்பதுக்கு ஐந்து மடங்கு! நான்கு மடங்குக்கு ஒரு கை என்றால், உடையாத கரையைக் கட்டிய நள்ளியிடம் நீர் எதை வெட்டுவதாய் இருந்தீர்?

உமது அளவையாளனுக்குத் தண்டனை வேண்டா. ஒரு கணக்கு மட்டும் கொடும்: தன் நிரப்பைவிடப் பதினெட்டுப் பாகை மிகுந்த கோணம் எது, அதன் மிகைநிரப்பு எது? தொண்ணூற்றில் பதினெட்டைக் கழித்து, எழுபத்திரண்டைப் பாதியாக்கி, முப்பத்தாறும் ஐம்பத்துநான்கும் என்று கண்டு, பின் நூற்றெண்பதில் ஐம்பத்துநான்கைக் கழித்து நூற்றிருபத்தாறு என்று அவன் சொல்வானாயின் அரைவட்டப் பலகையை அவனிடமே விட்டுவையும். சொல்லானாயின் அதைப் பிடுங்கிக்கொண்டு அவனுக்குக் குதிரைலாயத்தில் வேலை கொடும்.

இதே ஏரியில் பிழையின்றி நடந்த வேலை ஒன்றும் உண்டு. பெருவாய்க்காலிலிருந்து மணற்பாடிக்குப் பிரியும் கிளைவாய்க்காலைப் பிரிவுமுனையில் மேலூராரும் கடைமுனையில் கீழூராரும் தொடங்கி இருமுனையிலிருந்தும் வெட்டினர். நடுவில் ஒரு சாண் பிசகின்றிச் சந்தித்தனர். மேலூரார், கிழக்குமேற்காய் ஓடும் பெருவாய்க்காலின் கிழக்குப் புறமிருந்தும், கீழூரார் மேற்குப் புறமிருந்தும் கோணம் எடுப்பவர்கள். ஊர்க்கணக்கன் எழுதிய துண்டோலையில் கிழக்கிலிருந்து ஐம்பது, மேற்கிலிருந்து நூற்றுமுப்பது என்று இரண்டும் இருந்தன. அமைச்சுக்குத் தோன்றாத அறிவு உனக்கு எப்படித் தோன்றியது என்று அவனைக் கேட்டோம். அறிவெல்லாம் இல்லை, கோணிக்கொண்டால் ரெண்டு ஊர்க்காரனும் என்னையல்லவா திட்டுவான், அதனால் ரெண்டையும் எழுதிவைத்தேன் என்றான். எம்மைத் திட்டுவார் இல்லாமற் போனதே எமக்குக் கேடாயிற்று.

இவ்விடத்தில், எமது ஆணையில் பிழை நேர்ந்தது என்று முதலில் எழுதினோம். முழு ஓலையையும் தனக்கு வாசித்துக் காட்டவேண்டும் என்று சாத்தி கேட்டிருந்தாள், காட்டினோம். அந்த வரியில் கையை உயர்த்தி நிறுத்தினாள். “பிழை நேர்ந்துச்சா? மழை மாதிரி அதுவா வந்துச்சா?” என்றாள்.

ஆகவே அவ்வரியை அடித்துவிட்டு, யாம் என்பதையும் விட்டுவிட்டு, எழுதுகிறேன். பிழை செய்தவன் நான். முப்பது என்று எழுதி, எதிலிருந்து என்று எழுதாமல் விட்டவன் பொற்காரி. மூன்று ஊர் வயலை மணலால் மூடியது எயினனின் கையன்று, என் எழுத்தாணி. அதற்காகச் சிறையில் இருப்பவன் அவன். வண்டியில் வந்து இறங்குபவன் நான். எழுதவே வெட்கமாக இருக்கிறது. எழுதிவிட்டேன்.

கோமகனார்க்கு இதே செய்தியைத் தனியோலையால் தெரிவித்திருக்கிறேன். ஆணையில் பிழைத்த அமைச்சு முத்திரை இழக்கும் என்பது சட்டம். இந்த ஓலைக்குப் பின் நான் முத்திரை இடப்போவதில்லை. தச்சன் பிழைத்தால் கை, அமைச்சன் பிழைத்தால் மோதிரம்! இந்த இரண்டையும் எப்படிக் கூட்டினாலும் நேராக வரவில்லை. கைவெட்டும் சட்டத்தை ஓலைச்சுவடியிலிருந்து நீக்கவேண்டும் என்று அடிபணிந்து கேட்டிருக்கிறேன். கோமகனார் செய்வார், செய்யார், அது அவர் திருவுளம். கேட்காமல் போக மாட்டேன்.

முத்திரை என் கையில் இருக்கும் இந்த ஒரு பொழுதில் விதிக்கும் ஆணை, குவளைநாட்டின் ஏழு ஏரிகளுக்கும், கோட்டைகளுக்கும், தச்சர் தெருக்களுக்கும் பொதுவாக வருமாறு: இனிச் சரிவு குறித்து எழுதும் எந்த ஓலையிலும் நூலிலிருந்து இத்தனை, நீரிலிருந்து இத்தனை என்று இரண்டு எண்ணும் இருக்கவேண்டும், இரண்டும் கூடித் தொண்ணூறு ஆகவேண்டும். வாய்க்காலோ மதிலோ நேர்கோட்டிலிருந்து பிரியுமிடத்து இருபுறத்து எண்ணும் இருக்கவேண்டும்; இரண்டும் கூடி நூற்றெண்பது ஆகவேண்டும். அவ்வாறு கூடாத ஓலை, எவர் முத்திரை பெற்றதாயினும், ஓலையன்று. அதைப் பெற்ற வேலைக்காரன் அதன்படி ஒரு கூடை மண்ணும் போடவேண்டியதில்லை. அதைக் கிழித்து அடுப்பில் வைத்தாலும் குற்றமில்லை.

எயினன் விடுவிக்கப்படுக. இங்கே உடைந்த பாதியை மீண்டும் கட்ட அவன் வேண்டும். ஆனால் அதை நீர் அவனுக்குக் கட்டளையிடலாகாது. கேட்குற முறையில் கேட்டால் வருவார் என்று சாத்தி சொல்கிறாள். நானே வந்து கேட்கிறேன். அதன்பின் அவனையும் அழைத்துக்கொண்டு மூன்று ஊர் மன்றங்களிலும் நின்று, வயலைக் கெடுத்தவன் எவன் என்று என் வாயாலேயே சொல்லவேண்டியிருக்கிறது. கல்லெறிந்தால் எறியட்டும், வீரரை அனுப்பவேண்டாம்.

இன்று வளர்பிறைப் பத்தாம் நாள். ஆறு தாழ்ந்திருந்தால் இந்த ஓலைக்காரன் மூன்று நாளில் உம்மை அடைவான். தாழவில்லை; சாத்தி காலையில் துறைவரை போய்ப் பார்த்துவிட்டு வந்து, தண்ணீர் ஆலமரத்து வேரைத் தொடுகிறது என்றாள். சுற்றிவந்தால் ஐந்து நாள். ஐந்தாம் நாள் முழுநிலா. எந்தப் பொழுதில் வாள் எடுப்பீர் என்பதை உமது ஓலை சொல்லவில்லை. நீரும் என்னைப்போலவே அரைகுறையாக எழுதுகிறவர்.

எனவே உமது மறுமொழியாகச் சொற்கள் எதுவும் வேண்டா. காரணங்களும் வேண்டா, வருத்தமும் வேண்டா. வெற்று ஓலை ஒன்றையும் எழுத்தாணியையும் எயினனிடம் கொடும். அவன் தன் வலக்கையால் ஒரு செங்கோணம் கீறி, அதன் நடுவே ஒரு சரிவை இழுத்து, ஒருபுறம் முப்பது, மறுபுறம் அறுபது என்று குறித்துத் தரட்டும். அந்த ஓலையை வேகக்குதிரையில் எங்கள் வழிக்கு எதிரே அனுப்பும். நாங்கள் நாளை விடியலில் வண்டி பூட்டி மேட்டுப்பாதையால் வருகிறோம். என் முழங்கால் இதற்குமேல் விரைவைத் தாங்காது.

ஓலை வந்ததும் அதை முதலில் சாத்தியிடம் கொடுக்கவேண்டும் என்று முடிவு செய்திருக்கிறோம். அவள் எண்களை வாசிக்க மாட்டாள். வாசிக்கத் தேவையில்லை என்கிறாள். இருபது ஆண்டு அவர் கோடு போடுவதைப் பார்த்திருக்கிறேன், வலக்கைக் கோடு எது, இடக்கைக் கோடு எது என்று தொட்டாலே தெரியும் என்கிறாள்.

இவ்வண்ணம் ஆலங்கண் ஏரிக்கரையில், நூலும் நீரும் சாட்சியாக எழுதி, நீர்க்காவல் முத்திரை கடைசி முறையாய் இடப்பட்டது. கேட்டு ஒப்பியவள் சாத்தி. அவள் கைக்கீறல் முத்திரைக்கு வலப்புறம் உள்ளது. ஆணை நிறைவேறுக.